கோர்ட் ஆர்டர் கையில் இருந்தும் பணம் வராதவர்களுக்கு: பெங்களூரில் ஒரு வக்கீல் ஆபீஸ் பற்றி

அல்சூரில் பதினெட்டு வருடமாக ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். கோர்ட் பேப்பரை நகல் எடுக்க வருகிறவர்களில் ஒரு சாரார் தனி ரகம். "கேஸ் ஜெயிச்சாச்சுண்ணா, ஆனா ஒண்ணும் நடக்கல" என்று சொல்லிக்கொண்டேதான் காகிதத்தை நீட்டுவார்கள். எங்கள் வீட்டு நிலைமையும் பல வருடம் அதுவாகவே இருந்தது. ஜெயித்த பிறகு என்ன செய்வது என்று தெரியாமல் உட்கார்ந்திருக்கும் ஒருவருக்காவது உதவட்டும் என்றுதான் இந்த வக்கீல் ஆபீஸைப் பற்றி விரிவாக எழுதுகிறேன்.

வக்கீலின் பெயரை எழுதவில்லை. வக்கீல்கள் தங்களுக்கு விளம்பரம் தேடிக்கொள்ளக் கூடாது என்பது பார் கவுன்சில் விதி. வாடிக்கையாளர் எழுதுவதுகூடத் தன் தலையில் வந்து விடியும் என்று அவர் தயங்கினார், அந்தத் தயக்கம் நியாயமானது. ஹைகோர்ட்டுக்கு நடந்து போகும் தூரத்தில் ஒரு மாடி ஆபீஸ், ஐம்பது வயதுக்கு மேற்பட்ட தமிழ் பேசும் வக்கீலம்மா, இரண்டு ஜூனியர்கள், ஒரு குமாஸ்தா. இவ்வளவு போதும். பெங்களூரில் இப்படி ஆபீஸ் ஒன்று மட்டும் இருக்காது. எதைப் பார்த்து வக்கீலைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்பதுதான் முக்கியம்.

முதலில் கேஸ். என் அப்பா ஒரு அரசு வாரியத்தில் ஜீப் டிரைவர். பல வருடம் தினக்கூலி, அப்புறம் நிரந்தரம். 2011-ல் ஓய்வு பெற்றார். தினக்கூலியாக ஓட்டிய வருடங்களைச் சேர்க்க மாட்டோம், ஆகவே பென்ஷனுக்குத் தேவையான சர்வீஸ் இல்லை என்று வாரியம் சொல்லிவிட்டது. அலைந்து அலைந்தே 2016-ல் அப்பா போய்ச் சேர்ந்தார். அதன்பின் அம்மா குடும்ப ஓய்வூதியத்துக்காக ஹைகோர்ட்டுக்குப் போனார். ஒன்று சொல்லிவிடுகிறேன்: அப்பா நேரடி மாநில அரசு ஊழியராக இருந்திருந்தால் முதலில் கர்நாடக நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் போயிருக்க வேண்டும். வாரியம் என்பதால் நேராக ஹைகோர்ட்டில் ரிட், அதாவது அரசு அமைப்பின் முடிவை எதிர்த்துப் போடும் மனு.

முதல் வக்கீல் வேறொருவர். அவர் 2018-ல் ஒரு ஆர்டர் வாங்கிக் கொடுத்தார். அன்று வீட்டில் கேசரி கிண்டினோம். எட்டு வாரம் என்று ஆர்டரில் போட்டிருந்தது. எட்டு வாரம் எட்டு மாதமானது. அவரே கன்டெம்ப்ட், அதாவது நீதிமன்ற அவமதிப்பு மனுவும் போட்டார். வாரியம் உடனே ஒரு பக்கத்தில் எண்டார்ஸ்மெண்ட் கொடுத்தது. கர்நாடக ஆபீஸ்களில் அந்தச் சொல் எல்லோருக்கும் தெரியும். "உங்கள் கோரிக்கை பரிசீலிக்கப்பட்டது, ஏற்க இயலாது" என்று கன்னடத்தில் இரண்டு வரி, கீழே கையெழுத்து. அதைக் கோர்ட்டில் காட்டினார்கள், கன்டெம்ப்ட் முடித்துவைக்கப்பட்டது. எங்களுக்கு ஒன்றுமே புரியவில்லை. கோர்ட் ஆர்டர் போட்ட பிறகு முடியாது என்று எப்படிச் சொல்லலாம் என்று அம்மா என்னைக் கேட்டார். முதல் வக்கீலைக் கேட்டேன். "அப்படித்தான் இருக்கும், இன்னொரு ரிட் போடலாம்" என்றார்.

இரண்டாவதாகப் போனதுதான் இந்த வக்கீலம்மா. முதல் சந்திப்பிலேயே அவர் செய்த வேலைக்கு நான் இன்றுவரை மதிப்பெண் குறைக்க மாட்டேன். பழைய ஆர்டரின் கடைசிப் பக்கத்தை எடுத்து, ஒரு சொல்லுக்கு அடியில் பென்சிலால் கோடு போட்டார்.

"இதுல என்ன எழுதியிருக்கு, படிங்க."

கோரிக்கையைச் சட்டப்படி பரிசீலிக்க வேண்டும் என்று எழுதியிருந்தது.

"கொடுன்னு எங்கயாவது எழுதியிருக்கா?"

இல்லை. பரிசீலி என்றுதான் கோர்ட் சொன்னது. அவர்கள் பரிசீலித்து முடியாது என்று சொல்லிவிட்டார்கள். கோர்ட் சொன்னதைச் செய்தாகிவிட்டது, அப்புறம் அவமதிப்பு எங்கிருந்து வரும்? அந்த முடிவு தப்பு என்றால் அதை எதிர்த்துத் தனியாகத்தான் போக வேண்டும், கன்டெம்ப்டில் அதைத் திருத்த முடியாது, 1996-லேயே உச்ச நீதிமன்றம் பரிஹார் வழக்கில் அப்படிச் சொல்லிவிட்டது என்றார். இரண்டு வருடம் எங்கள் மனதில் இருந்த முடிச்சை ஐந்து நிமிடத்தில் அவிழ்த்தார். அம்மாவுக்கும் தமிழில் நிதானமாகச் சொன்னார், "புரிஞ்சுதாம்மா?" என்று இரண்டு தரம் கேட்டார்.

அதனால் 2020-ல் போட்ட இரண்டாவது ரிட்டில், ஜெயித்தால் ஆர்டரில் என்ன வாசகம் வர வேண்டும் என்று பார்த்துத்தான் மனுவின் கோரிக்கைப் பகுதியையே எழுதினார். 2022 நவம்பரில் ஆர்டர் வந்தது. எண்டார்ஸ்மெண்ட் ரத்து. அப்பா ஓய்வு பெற்றதிலிருந்து பாக்கி, அம்மாவுக்குக் குடும்ப ஓய்வூதியம், ரிட் போட்ட நாளிலிருந்து 6 சதவீத வட்டி. இந்த உத்தரவின் சான்றிட்ட நகல் கிடைத்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் கொடுக்க வேண்டும். இரண்டு ஆர்டரையும் என் கடைக் கண்ணாடி மேஜைமேல் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். இரண்டும் வெள்ளைத் தாள், இரண்டிலும் அதே கோர்ட் முத்திரை. ஒன்றில் பரிசீலி, இன்னொன்றில் கொடு. என்னிடம் ஆர்டர் நகல் எடுக்க வருகிறவர்களுக்கு இப்போதெல்லாம் அந்தக் கடைசிப் பத்தியைத்தான் முதலில் காட்டுகிறேன்.

அடுத்தது சீல் கதை. சர்டிஃபைட் காப்பி கிடைத்ததும் ஜூனியர் தம்பியும் நானும் வாரியத்தின் தபால் பிரிவில் கொடுத்தோம். எங்கள் நகலில் வட்ட சீல் குத்திக் கொடுத்தார்கள். ஆபீஸுக்கு வந்து காட்டினோம். வக்கீலம்மா அதை ட்யூப் லைட்டுக்கு நேரே தூக்கிப் பிடித்துப் பார்த்தார். மை காய்ந்த சீல். வாரியத்தின் பெயர் தெரிந்தது, தேதி இருந்த நடுப்பகுதியில் 2022 என்பது மட்டும் மங்கலாகத் தெரிந்தது, நாளும் மாதமும் இல்லை. "இது வேணாம். திரும்பப் போய் வேற சீல் வாங்கிட்டு வாங்க. நம்பரும் கையால எழுதச் சொல்லுங்க" என்று திருப்பி அனுப்பிவிட்டார். எனக்கு அன்று கோபம்தான். கடையைச் சாத்திவிட்டு வந்தவன். ஆனால் மறுபடி போய், புது மையில் 9 டிசம்பர் 2022 என்று பளிச்சென்று சீல் வாங்கி, தபால் பதிவேட்டில் ஏறிய இன்வர்ட் நம்பரும் பேனாவால் எழுதி வாங்கினோம்.

அந்த ஒரு தேதியில்தான் எல்லாமே நின்றது. மூன்று மாதம் அந்த நாளிலிருந்து. 2023 மார்ச் 9-ல் அது முடிந்தது. முடிந்த மறுநாளிலிருந்து நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவுப்படி ஒரு வருடக் கெடு ஓடத் தொடங்குகிறது. அந்த ஒரு வருடத்துக்குள் மனுவைப் போட்டாக வேண்டும். ஃபைல் அட்டையின் வலது மூலையில் சிவப்பு ஸ்கெட்ச் பேனாவால் 9-3-2024 என்று எழுதி அதைச் சுற்றி ஒரு கட்டம் போட்டு வைத்தார். அதைத் தாண்டி ஒரு நாள்கூடப் போகக் கூடாது என்பதற்கான அடையாளம். இதை எல்லோரும் கவனியுங்கள். ஆபீஸில் "அடுத்த வாரம்", "ஃபைல் பைனான்ஸ்ல இருக்கு", "மேலதிகாரி லீவு" என்று நல்லபடியாகவே பேசுவார்கள். நாமும் எதற்குப் பகை என்று காத்திருப்போம். வருடம் முடிந்துவிடும். முடிந்தபின் அழுது பிரயோஜனம் இல்லை.

எங்களையும் அப்படித்தான் இழுத்தார்கள். அந்த நாட்களில் அம்மா சொன்ன ஒன்று மறக்கவில்லை. தொண்ணூறுகளில் பெங்களூர் வீட்டுக் கதவுகளில் "நாளே பா" என்று கன்னடத்தில் எழுதி வைத்திருப்பார்கள். நாளைக்கு வா என்று அர்த்தம். ராத்திரி கதவைத் தட்டும் பேய் அதைப் படித்துவிட்டுத் திரும்பிப் போய்விடும் என்று ஒரு நம்பிக்கை. எங்கள் வீட்டுக் கதவிலும் அப்பாதான் சாக்பீஸில் எழுதினார். "அந்தப் பேய்க்குச் சொன்னதையே இப்ப நமக்குச் சொல்றாங்க" என்றார் அம்மா. வாரியத்தின் படிக்கட்டில் உட்கார்ந்து, முழங்காலைப் பிடித்துக்கொண்டே சொன்னார். எனக்கு நெஞ்சை அடைத்தது.

ஏப்ரலில் வக்கீல் நோட்டீஸ். பதிலே இல்லை. கோடை விடுமுறை முடிந்தபின், ஜூலையில் கன்டெம்ப்ட் மனு.

இங்கே அவர் விளக்கிச் சொன்ன ஒரு விஷயத்தைக் கட்டாயம் சொல்ல வேண்டும். நீதிமன்ற அவமதிப்பு என்றதும் ஜட்ஜைத் திட்டுவது, தீர்ப்பைக் கேவலமாகப் பேசுவது என்றுதான் நம்மில் பாதிப் பேருக்கு நினைப்பு. அது குற்றவியல் அவமதிப்பு. எங்களுடையது உரிமையியல் அவமதிப்பு, அதாவது கோர்ட் உத்தரவை வேண்டுமென்றே மீறுவது, அல்லது கோர்ட்டுக்குக் கொடுத்த வாக்குறுதியை வேண்டுமென்றே முறிப்பது. "வேண்டுமென்றே" என்பதுதான் அதில் உயிர். மறந்துவிட்டோம், புரியவில்லை, பணம் ஒதுக்கீடு வரவில்லை என்று எதிர்த்தரப்பு சொல்வதெல்லாம் அந்தச் சொல்லிலிருந்து தப்பிக்கத்தான். ஆகவே நாம் செய்ய வேண்டியது, அவர்களுக்குத் தெரியும், நேரம் இருந்தது, கேட்டோம், செய்யவில்லை என்று காகிதத்தில் நிறுவுவது. சீல், நோட்டீஸ், ஸ்பீட் போஸ்ட் ரசீது, போய் நின்ற தேதிகள். எந்தெந்த நாளில் போனேன், எந்த மேஜையில் யார் என்ன சொன்னார் என்று நான் கடை டைரியில் குறித்து வைத்திருந்தேன். அதைப் பார்த்து, "இது போதும்பா, இதுதான் கேஸ்" என்றார்.

அப்புறம் தண்டனை. அதிகபட்சம் ஆறு மாதம் சிறை, அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். மனமார மன்னிப்புக் கேட்டு, கோர்ட் அதில் திருப்தி அடைந்தால் விட்டுவிடவும் செய்யலாம். அம்மாவுக்கு இதைக் கேட்டதும் முகம் தொங்கிவிட்டது. "ரெண்டாயிரம்தானா? நான் ஆட்டோவுக்கே அதுக்கு மேல குடுத்திருப்பேனே" என்றார். சட்டம் 1971-ல் வந்தது, தொகை அப்படியே நிற்கிறது. பெங்களூரின் பெரும் பணக்காரராக இருந்த விஜய் மல்லையாவுக்கே 2022-ல் உச்ச நீதிமன்றம் இதே 2,000 ரூபாயும் நான்கு மாதச் சிறையும்தான் விதித்தது. தொகை மாறவே இல்லை என்பது எனக்கு இப்போதும் வருத்தம்தான்.

ஆனால் வக்கீலம்மா சொன்ன பதில் அம்மாவைத் தேற்றியது. ஆபீஸருக்கு ரூபாய் முக்கியமில்லை, தன் பெயர் முக்கியம் என்றார். ரிட்டில் எதிர்த்தரப்பு "நிர்வாக இயக்குநர்" என்ற நாற்காலி. கன்டெம்ப்டில் நாற்காலி போதாது, அதில் உட்கார்ந்திருக்கும் ஆளின் பெயரை எழுத வேண்டும். கர்நாடக ஹைகோர்ட்டில் இந்த மனுவில் நம்மைப் "புகார்தாரர்" என்றும், எதிர்த்தரப்பை "குற்றம் சாட்டப்பட்டவர்" என்றும்தான் தலைப்பில் போடுகிறார்கள். 1995-ல் இதே பெங்களூரில், மாநகராட்சிப் பொறியாளர் ஒருவரின் பதவி உயர்வு உத்தரவை நிறைவேற்றாததற்காக, கர்நாடக அரசின் செயலர் அந்தஸ்தில் இருந்த ஐஏஎஸ் அதிகாரி வாசுதேவனை உச்ச நீதிமன்றம் ஒரு மாதம் சிறைக்கு அனுப்பியது. ஆபீஸர்கள் அதை மறக்கவில்லை என்றார். 2019-ல் எரிக்சன் கம்பெனிக்குத் தர வேண்டிய 453 கோடியை நான்கு வாரத்தில் கட்டு, இல்லையென்றால் மூன்று மாதம் சிறை என்று அனில் அம்பானிக்கு உச்ச நீதிமன்றம் சொன்னபின், கெடு முடிவதற்குள் பணம் வந்து சேர்ந்ததையும் சொன்னார். காவிரித் தீர்ப்பில் சொன்ன செயல்திட்டத்தை ஆறு வாரத்தில் அமைக்கவில்லை என்று 2018-ல் தமிழ்நாடு அரசு மத்திய அரசின்மேல் போட்டதும் இதே வகை மனுதான். இந்த மனுவின் வேலை ஜெயிலுக்கு அனுப்புவது இல்லை, வேலையை நடக்க வைப்பது என்று அம்மாவுக்கு அப்போதுதான் பிடிபட்டது.

பெயர் கண்டுபிடிப்பதே ஒரு வேலையாகிவிட்டது. மூன்று மாதக் கெடு முடிந்தபோது இருந்தவர் மாற்றலாகிப் போயிருந்தார். அதிகாரியின் அறைச் சுவரில் மரப்பலகை ஒன்றில் இதுவரை பணியாற்றியவர்களின் பெயரும், எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை என்பதும் எழுதியிருக்கும் இல்லையா, ஜூனியர் தம்பி அதைப் பார்த்து எழுதிக்கொண்டு வந்தார். கெடு முடிந்தபோது இருந்தவர், இப்போது இருப்பவர் இருவரையும் சேர்த்தார்கள். இந்த மாதிரி சிறு வேலைகளில் இந்த ஆபீஸ் கெட்டி.

குறைகளையும் சொல்லிவிடுகிறேன். அஃபிடவிட்டில் அம்மாவின் வயது 71 என்பதற்குப் பதில் 61 என்று அடித்துவிட்டார்கள். நான் டிடிபி செய்கிறவன் என்பதால் கண்ணில் பட்டது. நோட்டரியில் கையெழுத்தெல்லாம் ஆன பிறகு. மறுபடி அடித்து, மறுபடி அம்மாவை அழைத்துப் போய், ஒரு நாள் வீண். இவ்வளவு நுணுக்கமாக சீல் பார்க்கிற ஆபீஸில் இது நடந்திருக்கக் கூடாது. தயவுசெய்து எந்த வக்கீலிடம் போனாலும் கையெழுத்துப் போடும் முன் ஒவ்வொரு வரியையும் படியுங்கள். இரண்டாவது, மாலை ஏழரைக்கு மேல் போன் எடுக்க மாட்டார்கள், வாட்ஸப்பில் பதில் இரண்டு நாள் கழித்து வரும். நடுவில் ஜூனியர் தம்பி வேறு ஆபீஸுக்குப் போய்விட்டார், புதிதாக வந்த பெண்ணுக்கு எங்கள் ஃபைலை நானே முதலிலிருந்து சொல்ல வேண்டியிருந்தது. மூன்றாவது, செலவு. கன்டெம்ப்ட்டுக்கு மட்டும் ஃபீஸ் 35,000 ரூபாய், இரண்டு தவணை. முதலிலேயே சொன்ன தொகை, கடைசிவரை ஏற்றவில்லை, அது நல்ல விஷயம். ஆனால் டைப்பிங், நகல், நோட்டரி என்று தனியாக வாங்கிய 3,200 ரூபாய்க்கு ஒரு துண்டுச் சீட்டில் கூட்டிப் போட்டுக் கொடுத்தார்கள், முறையான ரசீது இல்லை. நகல் செலவை நானே என் கடையில் செய்து தருகிறேன் என்றதும் அதைக் கழித்துக்கொண்டார்கள்.

இன்னொன்று, இதை யாரும் எங்களுக்கு முதலில் சொல்லவில்லை. பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் சட்ட உதவி இலவசம். 1987-ஆம் வருடச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தில் 12-வது பிரிவு. எஸ்சி, எஸ்டி, மாற்றுத்திறனாளிகள், தொழிலாளர்கள் எல்லோருக்கும் உண்டு. ஹைகோர்ட்டுக்கென்றே சட்டப் பணிகள் குழு இருக்கிறது. 15100 என்ற எண்ணில் கேட்கலாம். அம்மா பெயரில் வழக்கு என்பதால் முதல் வழக்கையே அங்கே கொண்டுபோயிருக்கலாம். முதல் வக்கீலுக்குக் கொடுத்த 40,000 மிச்சமாகியிருக்கும். வக்கீலம்மாவே இதை இரண்டாவது சந்திப்பில் சொல்லி, "வேணும்னா அங்க போங்க, எனக்கு வருத்தமில்ல" என்றார். நாங்கள்தான் அவரிடமே இருந்துவிட்டோம்.

இப்போது கோர்ட். ஆகஸ்டில் நோட்டீஸ் போனது. அக்டோபரில் வாரியத்தின் வக்கீல் நேரம் கேட்டார். நவம்பரில் அப்பீல் போடப் போகிறோம் என்றார். அதுவரை ஹியரிங்கை நான் கடையில் இருந்தபடியே கோர்ட்டின் நேரலையில் பார்த்தேன். ஒரு பக்கம் பிரிண்டர் ஓடும், ஒரு பக்கம் மொபைலில் கோர்ட். 2023 டிசம்பரில் யாரோ விஷமிகள் வீடியோ கான்பரன்ஸில் புகுந்து ஆபாசம் ஓட்டியதால் ஹைகோர்ட் அதையும் நேரலையையும் நிறுத்திவைத்தது. அதனால் அந்த மாத ஹியரிங்குக்கு நேரில் போக வேண்டியதாயிற்று. அம்மாவும் வருகிறேன் என்றார்.

அல்சூரில் மெட்ரோ ஏறி நாலாவது ஸ்டேஷன், விதான சௌதா. வெளியே வந்ததும் ஒரு பக்கம் வெள்ளைக் கல்லில் விதான சௌதா, எதிரே சிவப்பாக ஹைகோர்ட் இருக்கும் அட்டாரா கச்சேரி. 1868-ல் கட்டியது, பதினெட்டு இலாகாக்கள் இருந்ததால் அந்தப் பெயர். அம்மாவுக்குக் கன்னடம் பேச வரும், எழுத்துக் கூட்டித்தான் படிப்பார். விதான சௌதா நெற்றியில் எழுதியிருப்பதை நின்று நிதானமாகப் படித்தார். "சர்க்காரத கெலச தேவர கெலச." அரசாங்க வேலை ஆண்டவன் வேலை. படித்துவிட்டு ஒன்றும் சொல்லவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டு ரோட்டைத் தாண்டினார்.

கன்டெம்ப்ட்டை இங்கே இரண்டு நீதிபதிகள் உட்காரும் பெஞ்ச்தான் விசாரிக்கிறது. எங்கள் முறை எப்போது வரும் என்று தெரியாது. பத்தரையிலிருந்து பின் பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். மதியத்துக்கு மேல், மூன்று மணி வாக்கில் கூப்பிட்டார்கள். மொத்தம் மூன்று நிமிடம் இருக்குமா என்பது சந்தேகம். வாரியத்தின் வக்கீல் எழுந்து, அப்பீல் தாக்கல் செய்திருக்கிறோம், விசாரணைக்கு வரவேண்டும் என்றார். வக்கீலம்மா குரலை உயர்த்தவே இல்லை. அப்பீல் போடும் கெடு முப்பது நாள், இவர்கள் போட்டதே கிட்டத்தட்ட ஒரு வருடம் கழித்து, அதுவும் எங்கள் நோட்டீஸ் போன பிறகு, இதுவரை தடை உத்தரவு இல்லை என்று நாலே வாக்கியம் சொல்லி, சீல் இருந்த பக்கத்தை எடுத்து நீட்டினார். நீதிபதி அந்தப் பக்கத்தைப் பார்த்தார். ஸ்டே இருக்கிறதா என்று மட்டும் கேட்டார். இல்லை என்றார் எதிர் வக்கீல். அப்பீல் போட்டதே தடை ஆகிவிடாது, அடுத்த தேதிக்குள் உத்தரவை நிறைவேற்றுங்கள், இல்லையென்றால் அதிகாரி நேரில் வரவேண்டியிருக்கும் என்று ஆர்டர் சொன்னார்கள். ஆங்கிலத்தில் நடந்தது. அம்மா என் காதில், "என்னடா சொன்னாரு?" என்றார். "குடுக்கச் சொல்லிட்டாரும்மா" என்றேன். வராண்டாவுக்கு வந்ததும் அழுதார்.

ஜனவரி முதல் வாரத்தில் வக்கீலம்மா என்னைக் கூப்பிட்டுச் சொன்னார்: அதிகாரிகளைச் சும்மா சும்மா கோர்ட்டுக்கு வரவழைக்கக் கூடாது, அவசியம் என்றால் முதலில் வீடியோ மூலம் வரச் சொல்லலாம் என்று உச்ச நீதிமன்றம் 3-ஆம் தேதி வழிமுறை வகுத்திருக்கிறது, ஆகவே ஆபீஸர் வந்து கூண்டில் நிற்பார் என்று எதிர்பார்த்துக்கொண்டு அம்மாவை அழைத்து வராதீர்கள் என்று. வாடிக்கையாளருக்கு ஆசை காட்டாத இந்தக் குணம் எனக்கு ரொம்பப் பிடித்தது. நல்லவேளை, அதற்கே தேவை வரவில்லை. அடுத்த தேதிக்கு நாலு நாள் முன்பு, பொங்கல் முடிந்த வாரம், அம்மாவின் கணக்கில் 9,46,000 ரூபாய் சொச்சம் விழுந்தது. பாஸ்புக்கில் அந்த வரியை நானே நகல் எடுத்து ஃபைலில் சேர்த்தேன்.

வாரியம் உத்தரவை நிறைவேற்றிவிட்டோம் என்று அஃபிடவிட் போட்டு மனுவை முடிக்கக் கேட்டது. வக்கீலம்மா சம்மதிக்கவில்லை. வட்டி எங்கே என்றார். ஆர்டரில் வட்டி என்று தெளிவாக எழுதியிருப்பதால் அது வராதவரை நிறைவேற்றம் முழுசாகாது. இரண்டு வாரம் தள்ளிப் போட்டார்கள். பிப்ரவரியில் 1,74,000 ரூபாய் சொச்சம் வட்டியும் வந்தது. கன்டெம்ப்ட் முடித்துவைக்கப்பட்டது. யாருக்கும் அபராதம் இல்லை, சிறை இல்லை. அப்பீலும் பின்னால் தாமதத்தைக் காரணம் காட்டித் தள்ளுபடியானது.

நான் அனுப்பிய ஒரு வாடிக்கையாளரை அவர் நடத்திய விதத்தையும் சொல்கிறேன். வீட்டு ஓனர் பத்து மாத அட்வான்ஸைத் திருப்பித் தரவில்லை என்று கீழ்க் கோர்ட்டில் டிக்ரி, அதாவது பணத்தைக் கொடு என்ற தீர்ப்பு வாங்கியவர் அவர். ஓனர் இன்னும் தரவில்லை, கன்டெம்ப்ட் போடலாமா என்று கேட்டார். இது கன்டெம்ப்ட் இல்லை, பண டிக்ரிக்கு அதே கோர்ட்டில் நிறைவேற்று மனு போட்டு ஓனரின் சொத்தையோ பேங்க் கணக்கையோ ஜப்தி செய்யக் கேட்க வேண்டும், ஹைகோர்ட்டுக்கு வந்தால் பணமும் நாளும்தான் போகும் என்று சொல்லித் திருப்பி அனுப்பினார். ஆலோசனைக்கு ஒரு ரூபாய் வாங்கவில்லை. ஐந்துக்கு நான்கு நட்சத்திரம் நான் கொடுப்பதில் ஒரு முழு நட்சத்திரம் இதற்காக. குறைத்த ஒன்று அந்த 61 வயதுக்கும் போனுக்கும்.

போகிறவர்கள் ஆர்டரின் சர்டிஃபைட் காப்பி, சீல் வைத்த அக்னாலெட்ஜ்மெண்ட், நீங்கள் அனுப்பிய கடிதங்களின் தபால் ரசீது, ஆபீஸ் தந்த எண்டார்ஸ்மெண்ட் எல்லாவற்றையும் தேதி வாரியாக அடுக்கிக் கொண்டு போங்கள். சனிக்கிழமை காலையில் கூட்டம் குறைவு.

ஒரு விஷயம் மட்டும் இன்னும் முடியவில்லை. வாரியம் அப்பாவின் கடைசி அடிப்படைச் சம்பளத்தைக் குறைத்துக் கணக்கிட்டதில் அம்மாவுக்கு மாதம் 600 ரூபாய் போல் குறைகிறது. கன்டெம்ப்டில் அதைக் கேட்க முடியாது, அது புதுத் தகராறு, தனி ரிட்தான் என்று பரிஹார் வழக்கையே மறுபடி காட்டினார் வக்கீலம்மா. போதும் விடும்மா என்று நான் சொன்னேன். அம்மா ஒரு மாதம் யோசித்தார். அப்பா ஓட்டிய ஜீப்பின் டியூட்டி புத்தகம் பரணில் ஒரு டிரங்குப் பெட்டியில் இருந்தது, அதை இறக்கச் சொன்னார். 1984-லிருந்து அப்பாவின் கையெழுத்து, பக்கத்துக்குப் பக்கம் கிலோமீட்டர் கணக்கு. நானூற்றுச் சொச்சம் பக்கம், மூன்று நாள் உட்கார்ந்து நகல் எடுத்தேன். போன சனிக்கிழமை அம்மா புது வக்காலத்தில் கையெழுத்துப் போட்டார். இந்த முறை வயதைச் சரியாக அடித்திருந்தார்கள்.